பேஸ்பால் வீரரின் வாழ்க்கையைத் தமிழில் எழுதுவது எப்படி: மதுரை வட்டாரப் பள்ளிகளுக்கும் படிப்பகங்களுக்கும் ஒரு வழிகாட்டி

மதுரை வட்டாரத்துப் பள்ளி இலக்கிய மன்றங்களிலும் ஊர்ப் படிப்பகங்களிலும் விளையாட்டு வீரர்களைப் பற்றி வாசிக்கப்படும் கட்டுரைகள் பெரும்பாலும் கிரிக்கெட்டோடும் கபடியோடும் நின்றுவிடுகின்றன. பேஸ்பால் நம் தெருக்களில் ஆடப்படாத ஆட்டம் என்பதால் அதன் வீரர்களும் நமக்குத் தொலைவானவர்கள் என்று எண்ணிவிடுகிறோம். ஆனால் அமெரிக்காவிலும் ஜப்பானிலும் கரீபியன் தீவுகளிலும் நூறாண்டுக்கும் மேலாக வளர்ந்த அந்த ஆட்டத்தின் பெருவீரர்கள் பலருடைய வாழ்க்கை, பிறப்பைக் காட்டி அடைக்கப்பட்ட வாசலையும், முதலாளிக்கும் உழைப்பவருக்கும் இடையிலான வழக்கையும், பிறந்த நாட்டிலேயே அயலாராக நடத்தப்பட்ட துயரத்தையும், பேரிடரில் பிறருக்காக உயிர் கொடுத்த துணிவையும் பற்றியது. இவற்றில் எதையும் மதுரைக்காரருக்குப் புதிதாக விளக்க வேண்டியதில்லை.

நாற்பது நிமிடப் பேச்சாகவோ நான்கு பக்கக் கட்டுரையாகவோ ஒரு பேஸ்பால் வீரரின் வாழ்க்கையைச் சொல்ல விரும்பும் ஆசிரியருக்கும் மாணவருக்கும் படிப்பகச் செயலாளருக்கும் இந்த வழிகாட்டி எழுதப்படுகிறது. இதில் அடிக்கடி வலியுறுத்தப்படும் கருத்து ஒன்றுதான். வீரரின் சாதனை எண்ணைச் சொல்லும்போது, அவர் காலத்தில் அவருக்குத் திறந்திருந்த வாசல் எது, அடைத்திருந்த வாசல் எது என்பதையும் அதே பத்தியில் சொல்ல வேண்டும்.

யாரை முதலில் எடுப்பது

பேஸ்பால் என்றதும் பேப் ரூத்தின் பெயரே முன்னால் வருகிறது. ஆயினும் தொடக்கப் பேச்சுக்கு அவரை எடுக்க வேண்டாம். அவருடைய பெருமையை உணர, 1920க்கு முன் அந்த ஆட்டம் எப்படி ஆடப்பட்டது என்பது கேட்பவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஜாக்கி ராபின்சன், ராபர்ட்டோ கிளெமென்டே, கர்ட் ஃபிளட் ஆகிய மூவரில் ஒருவரோடு தொடங்குவது நல்லது. இவர்களுடைய வாழ்க்கையின் திருப்புமுனைகள் ஆட்ட விதிகள் தெரியாதவருக்கும் புரியும். இவர்களைக் கேட்ட பிறகு, ரூத்தையும் டெட் வில்லியம்ஸையும் ஹேங்க் ஆரனையும் பற்றி அறியும் ஆர்வம் தானாக வரும்.

செய்தி திரட்டுவதற்கு மதுரையில் இன்று தடையில்லை. புதுநத்தம் சாலையில் 2023 ஜூலை 15 அன்று திறக்கப்பட்ட கலைஞர் நூற்றாண்டு நூலகத்தில் ஒரு நாள் முழுவதும் அமர்ந்து குறிப்பெடுக்கலாம். அமெரிக்காவில் கூப்பர்ஸ்டவுன் என்ற ஊரில் உள்ள பேஸ்பால் புகழ் மண்டபத்தின் வீரர் பக்கங்களை இணையத்தில் படிக்கலாம். 1939இல் திறக்கப்பட்ட அந்த மண்டபத்துக்கு முதல் அணியாக 1936இலேயே தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் டை காப், பேப் ரூத், ஹோனஸ் வாக்னர், கிறிஸ்டி மாத்யூசன், வால்டர் ஜான்சன் ஆகிய ஐவர். பேஸ்பாலில் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஆட்டப் பதிவேடு உண்டு என்பதும் எழுதுபவருக்குப் பெரிய உதவி. நூறாண்டுக்கு முன் ஒரு செவ்வாய்க்கிழமை பிற்பகலில் ஒருவர் எத்தனை முறை அடிக்க வந்தார், எத்தனை முறை வெற்றி பெற்றார் என்பதைக்கூட அதில் காணலாம்.

குறிப்பேட்டின் முதல் பக்கத்தில் பெயர், பிறந்த ஊர், ஆடிய அணிகள், செய்த செயல், இறந்த நாள் ஆகியவற்றை மட்டும் எழுதிக்கொள்ளுங்கள். வைகைக் கரையில் ஆண்டிபட்டி வட்டத்துப் புலிமான்கோம்பையில் 2006இல் கண்டெடுக்கப்பட்ட நடுகற்களில் ஒன்று, கூடல் ஊரில் நடந்த ஆகோளையும் (ஆநிரை கவரும் பூசலையும்) அந்தவன் என்பவனின் பெயரையும் மிகச் சில தமிழி எழுத்துகளில் சொல்லி முடித்துவிடுகிறது. இரண்டாயிரம் ஆண்டுகளுக்குப் பின்னும் அந்த வீரன் யார், எங்கே, எதற்காக என்பது நமக்குத் தெரிகிறது. உங்கள் முதல் பக்கமும் அந்த அளவுக்குச் செறிவாக இருந்தால் மற்றப் பக்கங்கள் தடம் மாறாது. மதுரைச் சுவரொட்டிகளில் தலைவர்களுக்கும் நடிகர்களுக்கும் சூட்டப்படும் அடைமொழிகளை வீரருக்குச் சூட்ட வேண்டாம் என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். செயலைச் சரியாகச் சொன்னால் பட்டத்தைக் கேட்பவரே சூட்டிக்கொள்வார்.

ஆட்டத்தை எவ்வளவு விளக்குவது

மிகக் குறைவாகவே விளக்க வேண்டும். பந்தெறிபவரான பிட்சர் 18.44 மீட்டர் தொலைவிலிருந்து எறிகிறார். நம் கிரிக்கெட் ஆடுகளத்தின் நீளம் 20.12 மீட்டர். கிரிக்கெட்டில் பெரும்பாலான பந்துகள் தரையில் பட்டு எழும். பேஸ்பாலில் பந்து தரை தொடாமல் நேராக வரும். அடித்தவர் 27.43 மீட்டர் தொலைவில் உள்ள முதல் தளத்துக்கு ஓட வேண்டும். நான்கு தளங்களையும் சுற்றி வந்தால் ஓர் ஓட்டம். மைதான வேலிக்கு அப்பால் அடித்தால் ஹோம் ரன். பெரும்பாலான வாழ்க்கைக் கதைகளுக்கு இவ்வளவு போதும்.

இதைக் கரும்பலகையில் வரைவதைவிட தரையில் காட்டுவது மேல். கோடையில் நீர் வற்றிய கண்மாயில் பிள்ளைகள் கிரிக்கெட் ஆடும் இடத்திலேயே சுண்ணாம்புத் தூளால் இந்த இரண்டு தொலைவுகளையும் குறித்து, ஒருவரை எறியவும் ஒருவரை ஓடவும் சொன்னால், பத்து நிமிடத்தில் ஆட்டத்தின் கடினம் உடம்புக்கே தெரிந்துவிடும். பள்ளியில் சாஃப்ட்பால் பயிற்சி தரும் உடற்கல்வி ஆசிரியர் இருந்தால் அவரையே இந்தப் பகுதிக்குப் பொறுப்பேற்கச் சொல்லுங்கள்.

ஓர் எண்ணை மட்டும் பொறுமையாக விளக்க வேண்டும். அடிப்பவரின் சராசரி 0.300 என்று இருந்தால், கணக்கில் கொள்ளப்படும் பத்து வாய்ப்புகளில் மூன்றில் அவர் அடித்துத் தளம் சேர்ந்தார் என்று பொருள்; அப்படிச் சேரும் ஒவ்வோர் அடிக்கும் ஹிட் என்று பெயர். கிரிக்கெட் சராசரிக்குப் பழகிய காதுக்கு 0.300 என்பது அற்பமாகத் தோன்றும். பத்தில் ஏழு முறை தோற்பவரே அந்த ஆட்டத்தில் சிறந்தவர் என்று சொல்லிவிட்டுச் சற்று நிறுத்துங்கள். தேர்வு மதிப்பெண்ணை எண்ணிக் கலங்கும் பத்தாம் வகுப்பு மாணவர்கள் நிறைந்த அவையில் இந்தச் செய்தி நன்றாகப் பதிவதைக் கண்டிருக்கிறேன்.

எண்ணுக்கு ஒரு துணை எண்

தனியாக நிற்கும் எண் எதையும் சொல்லாது. பேப் ரூத் தம் வாழ்நாளில் 714 ஹோம் ரன்கள் அடித்தார் என்று எழுதினால், பேஸ்பால் பார்க்காதவருக்கு அது பெரியதா சிறியதா என்றே தெரியாது. 1920ஆம் ஆண்டில் ரூத் 54 ஹோம் ரன்கள் அடித்தபோது அவருக்கு அடுத்த இடத்தில் இருந்த ஜார்ஜ் சிஸ்லர் அடித்தவை 19 என்று எழுதுங்கள். ஒரு மனிதர் ஓர் ஆட்டத்தின் போக்கையே மாற்றிய கதை அந்த ஒரே வாக்கியத்தில் வந்துவிடும். அதற்கு முன் அவர் பாஸ்டன் அணியின் சிறந்த பிட்சர்களில் ஒருவராக இருந்தார் என்பதையும், வாழ்நாளில் பிட்சராக 94 வெற்றிகள் பெற்றவர் என்பதையும் சேர்த்தால், அவர் எதை விட்டுவிட்டு எதைத் தேர்ந்தார் என்பதும் புரியும்.

ஹேங்க் ஆரனுக்கும் இப்படியொரு துணை எண் இருக்கிறது. 1974 ஏப்ரல் 8 அன்று அட்லாண்டாவில் 715ஆவது ஹோம் ரன்னை அடித்து ரூத்தின் எண்ணிக்கையைக் கடந்த அவர், 755இல் ஓய்ந்தார். அவருடைய மொத்த ஹிட்கள் 3771. இதிலிருந்து 755 ஹோம் ரன்களையும் கழித்துவிட்டாலும் 3016 மிஞ்சுகிறது. 3000 ஹிட் என்பதே மிகச் சிலர் எட்டிய எல்லை. கழித்தல் கணக்கு ஒன்றால் ஒரு வாழ்நாளின் உழைப்பைக் காட்டிவிடலாம் என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை. ஆனால் அந்தக் கணக்கோடு நிறுத்திவிடக் கூடாது. வெள்ளையரான ரூத்தின் எண்ணிக்கையைக் கறுப்பரான அவர் நெருங்கிய நாள்களில், கொலை மிரட்டல்களும் வசைகளும் நிறைந்த கடிதங்கள் அவருக்குக் குவிந்தன. ஒவ்வொரு நாளும் அவற்றைச் சுமந்துகொண்டுதான் அவர் ஆடுகளத்துக்கு வந்தார். 715 என்ற எண்ணின் எடையில் இதுவும் அடங்கும்.

டெட் வில்லியம்ஸின் 1941ஆம் ஆண்டுக் கதையும் ஓர் எண்ணைப் பற்றியதுதான். பருவத்தின் கடைசி நாளான செப்டம்பர் 28 அன்று அவருடைய சராசரி 0.3995 ஆக இருந்தது, முழுமையாக்கினால் 0.400. ஆடாமல் அமர்ந்திருந்தால் அந்தப் பெருமை அவருக்கு உறுதி. அவர் அன்றைய இரண்டு ஆட்டங்களிலும் ஆடினார். எட்டு வாய்ப்புகளில் ஆறு ஹிட்களை அடித்து 0.406இல் முடித்தார். பிறகு உலகப் போரும் கொரியப் போரும் அவருடைய நல்ல ஆண்டுகளில் ஏறக்குறைய ஐந்தை எடுத்துக்கொண்டன. இந்த மனிதர் 1966இல் புகழ் மண்டபத்தில் ஏற்புரை ஆற்றியபோது, கறுப்பர் என்பதால் வாய்ப்பு மறுக்கப்பட்ட சாட்சல் பெய்ஜ், ஜாஷ் கிப்சன் போன்றவர்களுக்கும் அங்கே இடம் தர வேண்டும் என்று வெளிப்படையாகக் கேட்டார். வில்லியம்ஸின் வாழ்க்கையை எழுதுபவர் 0.406க்குத் தரும் இடத்தை இந்த வேண்டுகோளுக்கும் தர வேண்டும்.

அடைத்த வாசல்கள்

பேஸ்பால் வீரர்களின் வாழ்க்கையை நம் ஊரில் சொல்வதற்கான முதன்மைக் காரணம் இந்தப் பகுதியில்தான் இருக்கிறது. எனவே நேரத்தை இங்கே தாராளமாகச் செலவிடுங்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து 1947 வரை அமெரிக்காவின் பெரிய லீக்குகளில், அதாவது முதல்தரத் தொழில்முறை அணிகளின் தொடர்களில், கறுப்பின வீரர்கள் ஆட முடியவில்லை. அதற்கு எழுதப்பட்ட சட்டம் எதுவும் இல்லை; அணி முதலாளிகளுக்கிடையே இருந்த எழுதப்படாத உடன்பாடே போதுமானதாக இருந்தது. கறுப்பின வீரர்கள் தமக்கெனத் தனி லீக்குகளை அமைத்துக்கொண்டு ஆடினார்கள். 1919 ஜனவரி 31 அன்று ஜார்ஜியா மாநிலத்தின் கெய்ரோ என்ற ஊரில் பிறந்த ஜாக்கி ராபின்சன், ராணுவத்தில் இருந்தபோது பேருந்தின் பின்வரிசைக்குச் செல்ல மறுத்ததற்காக 1944இல் ராணுவ நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டு, குற்றமற்றவர் என விடுவிக்கப்பட்டவர். புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியின் நிர்வாகி பிராஞ்ச் ரிக்கி 1945 ஆகஸ்டில் அவரை அழைத்துப் பேசியபோது கேட்ட முக்கியமான வாக்குறுதி, எவ்வளவு இழிவுபடுத்தினாலும் திருப்பித் தாக்கக் கூடாது என்பது. மாண்ட்ரியாலில் ஓராண்டு ஆடிய பின், 1947 ஏப்ரல் 15 அன்று புரூக்ளினின் எபெட்ஸ் ஃபீல்டில் அவர் களமிறங்கினார்.

அன்று அவர் ஒரு ஹிட்கூட அடிக்கவில்லை. எதிரணியின் பிழையால் தளம் சேர்ந்து, ஓர் ஓட்டம் எடுத்தார். பேஸ்பால் வரலாற்றின் மிக முக்கியமான நாள் என்று பலரும் சொல்லும் நாளின் பதிவேட்டில் அந்த வீரரின் பெயருக்கு எதிரே ஹிட் என்ற கட்டத்தில் சுழியம் இருப்பதை மாணவர்களிடம் காட்டுங்கள். அந்த ஆண்டின் சிறந்த புதுமுக வீரராக அவர் தேர்வானதையும், 1949இல் 0.342 சராசரியோடு தம் லீக்கின் மதிப்புமிக்க வீரர் விருதைப் பெற்றதையும் அதன் பிறகு சொல்லலாம். 1997இல் அவருடைய 42ஆம் எண் சட்டை எல்லா அணிகளிலும் ஓய்வு பெற்றது. இப்போது ஒவ்வொரு ஏப்ரல் 15 அன்றும் எல்லா வீரர்களும் அதே எண்ணை அணிந்து ஆடுகிறார்கள்.

மதுரையில் இந்தக் கதையைச் சொல்லும்போது, 1939 ஜூலை 8 அன்று அ. வைத்தியநாத ஐயர் தலைமையில் கக்கன் உள்ளிட்டோர் மீனாட்சியம்மன் கோயிலுக்குள் நுழைந்த நாள் கேட்பவர் நினைவுக்கு வராமல் இருக்காது. ஒப்பிட்டுச் சொல்வதில் தவறில்லை. ஆனால் இரண்டையும் ஒன்றாக்கிவிடக் கூடாது. இங்கே அடைத்திருந்தது வழிபாட்டு உரிமை, அங்கே அடைத்திருந்தது தொழில். இங்கே சாதி, அங்கே நிறம். இங்கே பலர் சேர்ந்து நுழைந்தார்கள். அங்கே ஒரு மனிதர் தனியாக, ஒவ்வொரு ஊர் மைதானத்திலும் வசை கேட்டபடி, ஆறு மாதப் பருவம் முழுவதையும் கடந்தார். வேறுபாட்டைச் சொன்னால்தான் ஒற்றுமை ஆழமாகத் தெரியும்.

முதல்வரைப் பற்றி எழுதும்போது இரண்டாமவரை மறக்கும் பழக்கத்தையும் திருத்திக்கொள்ள வேண்டும். ராபின்சனுக்குப் பின் மூன்றே மாதத்துக்குள், 1947 ஜூலை 5 அன்று, மற்றொரு லீக்கில் கிளீவ்லாந்து அணிக்காக லாரி டோபி களமிறங்கினார். அவர் பட்ட இழிவுகள் குறைந்தவை அல்ல. அவருக்குக் கிடைத்த புகழ் மட்டுமே குறைந்தது. பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணியில் ஒரு கறுப்பின வீரர் ஆட 1959 வரை காத்திருக்க வேண்டியிருந்தது என்பதையும் ஒரு வாக்கியத்தில் சேருங்கள். இல்லையெனில் ஒரே நாளில் எல்லாம் மாறிவிட்டது என்று மாணவர்கள் நினைத்துக்கொள்வார்கள்.

வாசல் திறப்பதற்கு முன்பே போய்விட்டவர் ஜாஷ் கிப்சன். கறுப்பின லீக்குகளின் ஈடற்ற அடிப்பாளரான அவர், ராபின்சன் களமிறங்குவதற்கு மூன்று மாதங்களுக்கும் குறைவான காலத்துக்கு முன், 1947 ஜனவரி 20 அன்று, 35ஆம் வயதில் இறந்தார். பல பத்தாண்டுகளாக அவருடைய எண்கள் அதிகாரப்பூர்வப் பட்டியலில் இல்லை. 2024இல்தான் கறுப்பின லீக்குகளின் கணக்குகள் பெரிய லீக் ஏடுகளில் சேர்க்கப்பட்டன. அப்போது கிப்சனின் வாழ்நாள் சராசரியான 0.372, டை காப்பின் 0.367ஐத் தாண்டி முதலிடத்துக்கு வந்தது. 1943இல் அவர் எடுத்த 0.466 ஒரு பருவத்தின் உயர்ந்த சராசரி ஆனது. இதன் விளைவு ஒன்றை எழுதுபவர் கவனிக்க வேண்டும். 1941இல் வில்லியம்ஸுக்குப் பின் எவரும் 0.400ஐத் தொடவில்லை என்று பழைய கட்டுரைகளில் காணப்படும் வாக்கியத்தை இனி அப்படியே எடுத்தெழுத முடியாது. பழைய பட்டியலை நம்பி எழுதினால், அடைக்கப்பட்ட வாசலை நாமும் ஒருமுறை அடைத்தவர்களாவோம்.

சாட்சல் பெய்ஜுக்கு வாசல் திறந்தபோது அவருக்கு வயது 42. 1948இல் கிளீவ்லாந்து அணிக்காகப் பெரிய லீக்கில் முதல்முறை எறிந்த அவர், 1965இல் 59ஆம் வயதில் மூன்று இன்னிங்ஸ் எறிந்து ஓர் ஓட்டமும் கொடுக்காமல் விடைபெற்றார். இந்த இரண்டு வயதுகளையும் அருகருகே எழுதினால் போதும்.

அமெரிக்காவோடு நிற்காமல் ஜப்பானுக்கும் செல்லுங்கள். 1940இல் டோக்கியோவில் பிறந்த சடஹாரு ஓ, சீனத் தந்தைக்குப் பிறந்தவர் என்பதால் ஜப்பானியக் குடியுரிமை இல்லாதவர். பள்ளிப் பருவத்திலேயே புகழ்பெற்ற பிட்சராக இருந்தும், 1957இல் தேசிய விளையாட்டு விழாவில் தம் பள்ளி அணியோடு ஆட அவருக்கு அனுமதி கிடைக்கவில்லை. பிறகு யோமியுரி ஜயண்ட்ஸ் அணியில், பயிற்சியாளர் ஹிரோஷி அரகாவாவின் வழிகாட்டலில் ஒற்றைக் காலைத் தூக்கி நின்று அடிக்கும் முறையைக் கடுமையாகப் பழகி, 868 ஹோம் ரன்கள் அடித்தார். அதே நாடு 1977இல் மக்கள் மதிப்பு விருதை ஏற்படுத்தி முதலில் அவருக்கே வழங்கியது. 868ஐ ஆரனின் 755ஓடு ஒப்பிட்டு யார் பெரியவர் என்று தீர்ப்புச் சொல்ல வேண்டாம். லீக்குகளும் மைதானங்களும் வேறு. அந்த இருவருமே பிற்காலத்தில் நண்பர்களாகி, உலகக் குழந்தைகளுக்கான பேஸ்பால் விழா ஒன்றைச் சேர்ந்து தொடங்கினார்கள்.

கூலியும் உரிமையும்

ஹார்விபட்டியிலோ ஆரப்பாளையத்திலோ, பஞ்சாலைத் தொழிலாளர் குடும்பங்கள் தலைமுறைகளாக வாழும் பகுதிகளில் பேசுவதானால் கர்ட் ஃபிளட்டைத் தேர்ந்தெடுங்கள். அந்தக் காலத்தில் பேஸ்பால் வீரரின் ஒப்பந்தம் முடிந்தாலும் அணி தன் விருப்பப்படி அதை நீட்டித்துக்கொண்டே போகலாம்; வீரர் தாமாக வேறு அணிக்குப் போக முடியாது; ஆனால் அணி அவரைக் கேட்காமலே வேறு ஊருக்கு மாற்றிக் கொடுக்கலாம். செயின்ட் லூயிஸ் அணியில் 12 பருவங்கள் ஆடிய ஃபிளட்டை 1969இல் அப்படித்தான் பிலடெல்பியாவுக்குக் கொடுத்தார்கள். அவர் போக மறுத்தார். தம் விருப்பத்தைக் கேளாமல் வாங்கவும் விற்கவும் தாம் ஒரு சொத்து அல்ல என்ற பொருளில், 1969 டிசம்பர் 24 நாளிட்டு ஆட்டத்தின் ஆணையருக்குக் கடிதம் எழுதினார்; பிறகு வழக்குத் தொடுத்தார். 1972இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு மூன்று என்ற கணக்கில் அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. வழக்கு நடந்த காலத்தில் அவருடைய ஆட்ட வாழ்க்கை ஏறக்குறைய முடிந்துபோயிருந்தது. 1975இல் வேறு இரு வீரர்கள் தொடர்பான நடுவர் தீர்ப்பால் அந்தக் கட்டு உடைந்தது. இன்று வீரர்கள் பெறும் பெரும் ஊதியத்துக்கு வழி திறந்தவர்களில் ஒருவரான ஃபிளட் அந்தப் பயனை அனுபவிக்கவில்லை. அவர் இன்னும் புகழ் மண்டபத்தில் இல்லை. இருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

செவிவழிக் கதையும் குற்றச்சாட்டும்

ஆண்டின் சாம்பியனை முடிவுசெய்யும் உலகத் தொடரின் 1932ஆம் ஆண்டு மூன்றாம் ஆட்டத்தில், சிகாகோவின் ரிக்லி ஃபீல்டில், பேப் ரூத் கையை நீட்டி இடம் காட்டிவிட்டு அங்கேயே ஹோம் ரன் அடித்தார் என்ற கதையை எல்லாரும் எழுதுவார்கள். அவர் கையை நீட்டியது உண்மை. எதற்காக, யாரை நோக்கி என்பதில் அன்று அங்கே இருந்தவர்களே ஒத்துப்போகவில்லை. பந்தெறிந்த சார்லி ரூட் அந்தக் கதையைக் கடைசிவரை மறுத்தார். இரண்டு தரப்பையும் எழுதி, முடிவைக் கேட்பவரிடம் விடுங்கள். பிறந்த நாள் போன்ற எளிய செய்தியிலும் இந்தக் கவனம் தேவை. ரூத் தாம் 1894இல் பிறந்ததாகவே நெடுங்காலம் நம்பியிருந்தார். 1934இல் ஜப்பான் பயணத்துக்குப் பாஸ்போர்ட் எடுக்கும்போதுதான் பிறப்புச் சான்றிதழில் 1895 பிப்ரவரி 6 என்று இருப்பது தெரிந்தது.

டை காப்பின் கதை இதைவிடக் கடுமையான பாடம். 1961இல் அவர் இறந்த பிறகு ஓர் எழுத்தாளர் தீட்டிய கொடூரச் சித்திரத்தையே பலரும் திரும்பத் திரும்ப எழுதினார்கள். பிற்கால ஆய்வாளர்கள் அதில் பெரும்பகுதி நம்பத்தகாதது என்று காட்டியிருக்கிறார்கள். இறந்தவர் மறுமொழி சொல்ல முடியாது என்பதை நினைவில் கொண்டு, ஒரே ஒருவர் சொன்ன பழியை இரண்டாவது சான்று இல்லாமல் எழுதாதீர்கள்.

உறுதியான குற்றத்தை மறைக்கவும் வேண்டாம். 4256 ஹிட்களோடு முதலிடத்தில் இருக்கும் பீட் ரோஸ் சூதாட்டத்துக்காக 1989இல் விலக்கப்பட்டார் என்பதை அந்த எண்ணுக்கு அடுத்த வாக்கியத்திலேயே எழுதுங்கள். 1919 உலகத் தொடரை விலைக்கு விற்றதாக வழக்கில் நின்ற ஜோ ஜாக்சனைப் பற்றி எழுதினால், 1921இல் நீதிமன்றத்தின் நடுவர் குழு (ஜூரி) விடுவித்ததையும், ஆணையர் அப்படியிருந்தும் வாழ்நாள் தடை விதித்ததையும் இரண்டையும் சொல்லுங்கள்.

பெயரும் இறுதி நாளும்

ஒருவர் தம்மை எப்படி அழைத்துக்கொண்டாரோ அப்படியே எழுதுவது முதல் மரியாதை. 1934இல் புவேர்ட்டோ ரிக்கோவின் கரோலினாவில் பிறந்து பிட்ஸ்பர்க் அணிக்கு ஆடிய கிளெமென்டேவை அமெரிக்கப் பத்திரிகைகள் பாப் என்று மாற்றி எழுதின. அவருடைய ஆங்கில உச்சரிப்பைக் கேலி செய்து அச்சிட்டன. அவர் தம் பெயர் ராபர்ட்டோ என்று விடாமல் சொன்னார். 1972 செப்டம்பர் 30 அன்று அவர் தம் 3000ஆவது ஹிட்டை அடித்தார். அந்த டிசம்பர் 23 அன்று நிகரகுவாவின் மனாகுவா நகரை நிலநடுக்கம் அழித்தது. அனுப்பிய உதவிப் பொருள்கள் மக்களைச் சேராமல் அதிகாரிகளின் கைகளில் சிக்குவதை அறிந்து, அடுத்த விமானத்தில் தாமே ஏறினார். டிசம்பர் 31 இரவு, அளவுக்கு மீறிய சுமையோடு புறப்பட்ட அந்த விமானம் கடலில் விழுந்தது. அவருடைய உடல் கிடைக்கவில்லை.

இந்த இடத்தில் பேச்சை முடிக்கும் ஆசை எழும், முடிக்காதீர்கள். ஆட்டத்தை விட்ட பின் ஐந்தாண்டு காத்திருக்க வேண்டும் என்ற விதியைத் தளர்த்தி 1973இலேயே அவரைப் புகழ் மண்டபத்தில் சேர்த்ததையும், சமூகத் தொண்டில் சிறந்த வீரருக்கு ஆண்டுதோறும் அவர் பெயரால் விருது வழங்கப்படுவதையும், இன்று பெரிய லீக்குகளில் ஆடும் ஏராளமான லத்தீன் அமெரிக்க வீரர்களின் முன்னோடியாக அவர் நிற்பதையும் சொன்ன பிறகே வாழ்க்கை முழுமையாகும். 2130 ஆட்டங்கள் இடைவிடாமல் ஆடி, நரம்பு நோயால் 1941இல் இறந்த லூ கெரிக்கைப் பற்றி எழுதினாலும் இதே முறையைக் கையாளலாம். அந்த நோயே அமெரிக்காவில் இன்றும் அவர் பெயரால் அறியப்படுகிறது.

அவையில் கேட்கப்படும் கேள்வியும் ஆண்டுத் திட்டமும்

இந்தியர் யாராவது ஆடியிருக்கிறார்களா என்று கட்டாயம் கேட்பார்கள். உத்தரப் பிரதேசத்தைச் சேர்ந்த ஈட்டி எறியும் இளைஞர்களான ரிங்கு சிங், தினேஷ் படேல் இருவரும் 2008இல் ஒரு தொலைக்காட்சிப் போட்டியின் வழியாகத் தேர்வாகி, பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அமைப்போடு ஒப்பந்தம் செய்துகொண்டார்கள். பெரிய லீக் வரை அவர்கள் செல்லவில்லை. இவ்வளவையும் ஏற்றமோ இறக்கமோ இல்லாமல் சொல்லுங்கள்.

தொடராக நடத்துவதானால் ஏப்ரல் மாதத்தைத் தவிர்த்துவிடுங்கள். ஆண்டுத் தேர்வும் சித்திரைத் திருவிழாவும் சேர்ந்து எவரையும் அமரவிடா. பள்ளி திறந்து பாடம் சீராகிவிட்ட ஜூலை முதல் வாரத்தில், டோபி களமிறங்கிய 5ஆம் தேதிக்கும் கோயில் நுழைவு நாளான 8ஆம் தேதிக்கும் இடையில், ராபின்சனையும் டோபியையும் சேர்த்துச் சொல்லலாம். கிளெமென்டேவுக்கு அவர் பிறந்த ஆகஸ்ட் 18 பொருத்தமான நாள். காலாண்டுத் தேர்வுக்கு முன் செப்டம்பர் தொடக்கத்தில் சடஹாரு ஓவையும், அக்டோபரில் ஆட்டம் ஓரளவு புரிந்துவிட்ட அவைக்கு ரூத்தையும் வைத்துக்கொள்ளலாம். அவனியாபுரம், பாலமேடு, அலங்காநல்லூர் ஜல்லிக்கட்டுகள் முடிந்து ஊர் இயல்புக்குத் திரும்பும் ஜனவரி 20, கிப்சன் 1947இலும் ஃபிளட் 1997இலும் மறைந்த நாள். அன்று இரண்டு பேச்சாளர்களை வைத்து, ஆளுக்கு இருபது நிமிடம் கொடுத்து, இருவருடைய வாழ்க்கையையும் ஒரே கூட்டத்தில் சொல்லலாம்.